ஏழாவது ஆள்

செப்டம்பர் மாதத்தின் கடைசி வாரத்தில் எங்கள் ஊர் பெலிப்ரெக் முழுவதும் சுட்ட குடமிளகாயின் மணம் தங்கிவிடும். டான்யூப் ஆற்றிலிருந்து விடியலில் ஏறிவரும் மூடுபனி பத்து மணிவரை வேலிகளைப் பற்றிக்கொண்டு நிற்கும். அது கலைந்த பிறகுதான் முற்றங்களில் மிளகாய் சுடும் மின்சார மண்கலங்களுக்குக் கம்பி இழுப்பார்கள். ஒரு காலத்தில் எங்கள் தெருவில் மட்டும் நாற்பது முற்றங்களில் புகை எழுந்தது. அந்த ஆண்டு மூன்றில்தான் எழுந்தது. ஒன்று என்னுடையது. இன்னொன்று பாதிரியாருடையது. மூன்றாவது, என் வேலிக்கு அப்பால், தெனித்சாவினுடையது.

திங்கட்கிழமை நண்பகல் பேருந்தில் அவளும் அவள் கணவன் ஓக்னியானும் ஜெர்மனிக்குப் புறப்படுவதாக இருந்தது. ஊரைவிட்டுப் போகிறவர்கள் பொதுவாகத் தோட்டத்தைத் திரும்பிப் பார்ப்பதில்லை. தெனித்சாவோ வெள்ளிக்கிழமை காலையில் அறுபது கிலோ குடமிளகாயை முற்றத்தில் கொட்டியிருந்தாள். சுட்டவற்றை மூடிய பாத்திரத்தில் வேர்க்கவிட்டு, தோலை உரித்து, காம்போடு விதையை இழுத்தெடுத்து வாளியில் போட்டுக்கொண்டிருந்தாள். முழங்கை வரை சிவப்பு.

“போற நேரத்துல எதுக்கும்மா இவ்வளவு?” என்று வேலியருகே நின்று கேட்டேன்.

“இங்க தனியா இருக்கப்போற மாமாவுக்குக் குளிர்காலத்துக்கு வேணாமாண்ணா? அவருக்கு முட்டை வேகவைக்கவே தெரியாது. மிச்சத்துல பதினஞ்சு பாட்டில் விழுது எங்ககூட வருது.”

“ஏன், ஜெர்மனியில கடை இல்லையா?”

“கடை இருக்கும். நானும் அவனும் ஒரே மேசையில உட்கார்ந்து சாப்பிடப்போற முதல் குளிர்காலம்ணா. அதுக்குப் போய்க் கடைச்சரக்கா வைப்பேன்?”

அவள் சொன்னதில் மிகை எதுவும் இல்லை. மணமாகிப் பதினாறு ஆண்டுகளில் அவர்கள் இருவரும் ஒரே கூரையின்கீழ் தொடர்ந்து நான்கு மாதங்களுக்கு மேல் இருந்ததில்லை. ஓக்னியான் கால்பந்தாட்டக்காரன், முன்களத்தில் நின்று கோல் அடிப்பதற்காக அணிகள் வாடகைக்கு எடுக்கிற ஆள். பத்தொன்பது அணிகளுக்கு ஆடியிருக்கிறான். பெரிய அணிகள் அவனை ஒருபோதும் கூப்பிடவில்லை. கீழ்ப்பிரிவுக்கு விழப்போகிற சிறிய அணிகள், பாதிப் பருவம் கடந்து பயம் பிடித்த பிறகு, அவனைக் கூப்பிட்டன. ஆறு மாத ஒப்பந்தம். அணி விழுந்துவிட்டால் அவனை அனுப்பிவிடுவார்கள். தப்பித்துவிட்டால் அவனைவிட இளையவன் ஒருவனைத் தேடிக்கொள்வார்கள். இரண்டு விதத்திலும் ஜூன் மாதத்தில் அவன் ஒரு நீளப்பையோடு எங்கள் தெருவில் நடந்து வருவான். பத்து நாள் தூங்குவான். கூரையில் ஓடு மாற்றுவான். அதற்குள் தொலைபேசி அடிக்கும்.

கருங்கடல் துறைமுகத்து அணி ஒன்றில் எட்டுக் கோல் அடித்தான். சைப்ரஸில் இரண்டாம் பிரிவில் ஆடியபோது எலுமிச்சைத் தோப்புக்கு நடுவே ஆடுகளம் இருந்ததாகவும், பந்து தோப்புக்குள் போனால் எடுத்துவரத் தோப்புக்காரனிடம் அனுமதி கேட்க வேண்டும் என்றும் சொல்வான். கஸக்ஸ்தானில் ஏப்ரல் மாதத்திலும் பந்து கல்லைப்போல் இறுகிக் கிடக்கும். தலையால் முட்டினால் மாலைவரை காது இரையும். எல்லா இடங்களிலும் அவனுக்குக் கிடைத்தது ஒரே அறைதான்: மூன்று ஆண்கள், மூன்று கட்டில்கள், சன்னலில் காயும் காலுறைகள். தெனித்சாவை அங்கே கூட்டிப்போக முடியாது. அவள் இங்கே தையற்கூடத்தில் ஒரு நாளைக்கு நானூறு கால்சட்டைகளுக்கு வலப்பக்கப் பை தைத்தாள். இடப்பக்கப் பையை இன்னொருத்தி தைத்தாள். முழு ஆண்டு ஒப்பந்தம் ஒன்று வரட்டும், பிறகு குழந்தை என்று இருவரும் பேசிவைத்திருந்தார்கள். முப்பத்தைந்து வயதில் தெனித்சா அந்தப் பேச்சை நிறுத்திக்கொண்டாள். ஒப்பந்தம் ஆறு மாதத்தைத் தாண்டவே இல்லை.

அவனுடைய பெயர் நாட்டின் செய்தித்தாள்களில் பெரிய எழுத்தில் வந்தது ஒரே ஒரு முறை. தலைநகரத்தின் பெரிய அணி ஒன்றுக்கு எதிராகக் கோப்பைப் போட்டியில் அவன் கோல்கீப்பரின் முன்னால் விழுந்தான். நடுவர் பெனால்டி உதை கொடுத்தார். அதை அவனே அடித்தான். கோல்கீப்பர் தொடவே இல்லை என்று மறுநாள் எல்லோரும் எழுதினார்கள். ‘நடிகன்’ என்று ஒரு தாள் தலைப்பிட்டது. அதன்பிறகு எந்த ஊரில் ஆடினாலும் அவன் கீழே விழும்போது பார்வையாளர்கள் கைதட்டுவார்கள். வலது முட்டி முதன்முறை கிழிந்தபோதும் தட்டினார்கள். அந்த முட்டியை மூன்று முறை அறுத்துத் தைத்தாயிற்று. கடைசியாகத் தைத்த மருத்துவர், இன்னொரு முறை போனால் தன்னிடம் வரவேண்டாம் என்று சொல்லியிருந்தார்.

ஆகவே ஜெர்மனி. ஒரு சரக்குக் கிடங்கில் இருவருக்கும் வேலை. பத்து மணிநேரம் நின்றபடி பெட்டி கட்டவேண்டும். இருக்கிற முட்டி அதைத் தாங்கும். முக்கியமான விஷயம் வேறு. அந்தக் கிடங்கு கணவன் மனைவியாக வருகிறவர்களுக்குத் தனி அறை கொடுத்தது: ஒரு கட்டில், ஒரு மேசை, ஒரு சன்னல். சன்னலின் படத்தை, வேலைக்கு ஆள் அனுப்பும் முகவர் பெண் தொலைபேசியில் அனுப்பியிருந்தாள். தெனித்சா அந்தப் படத்தைப் பெரிதாக்கி, பக்கத்துச் சுவரின் மின்பொத்தானை வைத்து அகலத்தைக் கணக்கிட்டு, திரைச்சீலை தைத்து முடித்துவிட்டாள்.

வெள்ளிக்கிழமை மாலை மெத்தோதி வந்தார். ஐம்பத்திரண்டு வயது; கறிக்கடைக்காரர். ஊர்க் கால்பந்துக் கழகத்தின் தலைவர், பயிற்சியாளர், கோல்கீப்பர் மூன்றும் அவரே. ஓக்னியானின் தந்தை ஸ்தாமென் கொடிப்பந்தலின் கீழே உட்கார்ந்து பாலாடைக்கட்டியைக் கத்தியால் நறுக்கிக்கொண்டிருந்தார். நாற்பது ஆண்டுகளாகக் கழகத்தின் ஆடுகளத்துக்குச் சுண்ணாம்புக் கோடு போடுகிறவர் அவர். சுண்ணாம்பில் விரல் நுனிகள் ரேகையே இல்லாமல் வெந்துபோயிருக்கும். என்னையும் வேலி தாண்டி வரச்சொன்னார்கள். தெனித்சா தக்காளியும் வெள்ளரியும் அரிந்து வைத்தாள்.

“வாங்கண்ணே, கையைக் கழுவிட்டுத்தானே வந்தீங்க?” என்றான் ஓக்னியான்.

“கழுவலைன்னா என்ன, உங்க வீட்டுக்குள்ள பன்னி வாசனை இன்னிக்குத்தான் வருதா? தெனி, நாலு கிண்ணம் எடும்மா. போன வருஷம் காய்ச்சின பிளம் ராக்கியா கொண்டாந்திருக்கேன், கண்ணீர் மாதிரி தெளிவா இருக்கும்.” உட்கார்ந்ததும் மெத்தோதி குரலைத் தாழ்த்திக்கொண்டார். “ஓகி, ஞாயித்துக்கிழமைக்கு என்கிட்ட ஆறு பேருதான் இருக்கானுங்க.”

“இவான்சோவோட மகன்?”

“ஸ்பெயினுக்குப் போயிட்டான். புதன்கிழமை போனான், வியாழக்கிழமை எனக்குச் சொல்றான். ஏழு பேர் இல்லைன்னா நடுவர் ஆட்டத்தையே ஆரம்பிக்க மாட்டாரு. ரெண்டு தடவை ஏற்கெனவே ஆள் இல்லாமப் போச்சு. மூணாவது தடவை போச்சுன்னா மாவட்டத்துல கிளப்போட பேரையே அடிச்சிடுவான். உங்கப்பா யாருக்குக் கோடு போடுவாரு? ஆடு மாட்டுக்கா?”

ஸ்தாமென் தலை நிமிரவில்லை.

“அண்ணே, என் முட்டி...”

“உன்னை ஓடச்சொன்னேனாடா? படுக்கச் சொல்றேன்.”

எங்கள் மாவட்டத்தில் அது நாலைந்து ஆண்டுகளாகவே நடைமுறை. ஏழு பேரோடு ஆட்டத்தைத் தொடங்கிவிட வேண்டும். சிறிது நேரத்தில் ஒருவன் அடிபட்டதாகச் சொல்லிப் படுத்துவிட வேண்டும். ஆறு பேரோடு ஆட விதி இடம் தராது. நடுவர் ஊதி நிறுத்துவார். மூன்றுக்குப் பூஜ்யம் என்று தோல்வி எழுதுவார். தோல்வி தோல்விதான், ஆனால் வராமற்போன குற்றம் ஏறாது. கழகம் இன்னொரு வாரம் உயிரோடு இருக்கும். பிறகு இரு அணிகளும் சேர்ந்து கறி சுட்டுச் சாப்பிடுவார்கள். வயல்கள் பெரிதாகி ஆட்கள் குறைந்த ஊர்களில் அரைவாசிக் கழகங்கள் இப்படித்தான் பிழைத்தன. நடுவருக்கும் தெரியும். எதிரணிக்கும் தெரியும்.

“வேற எவனாவது படுக்கட்டுமே,” என்றாள் தெனித்சா.

“இப்ப முடியாதும்மா. போன மாசம் கோர்னி ரித் ஊர்க்காரன் ஒருத்தன் படுத்தான். நடுவர் ஊதின உடனே எழுந்து ஓடிப்போய்க் கறியைத் திருப்பிப் போடறான்! மேலதிகாரி ஒருத்தன் பார்க்க வந்திருக்கான், அது தெரியாது மடையனுக்கு. அதுலேர்ந்து மருத்துவச் சீட்டு கேக்கறானுங்க. இவன் முட்டிக்குச் சீட்டு என்ன, ஒரு அலமாரியே இருக்கே.” மெத்தோதி கிண்ணத்தை உயர்த்தினார். “அதுவும் இல்லாம, விழறதுக்கு நாட்டுலேயே பேர்போன ஆளு நம்ம வீட்டுல இருக்கும்போது வெளியில எதுக்குத் தேடணும்?”

ஓக்னியானின் சிரிப்பு அடங்கியது. “அந்தக் கோல்கீப்பர் என்னைத் தொட்டாண்ணே.”

“தொட்டான், தொட்டான். பதினோரு வருஷமா தொட்டுக்கிட்டேதான் இருக்கான்.”

“கணுக்கால்ல. விரல் நகம் பட்டுது.”

“சரிடா, நான் என்ன செய்தித்தாள் ஆபீஸா நடத்தறேன்? கறிக்கடைதானே.”

தெனித்சா கையைத் துணியில் துடைத்துக்கொண்டு மேசைக்கு வந்தாள். “எத்தனை நிமிஷம்?”

“பத்து.”

“அந்தப் பத்து நிமிஷத்துல பந்து இவன்கிட்ட வந்தா?”

“எங்கேர்ந்து வரும்? நாங்க ஆறு பேரும் பின்னாடி கும்பலா நிப்போம். இவனை நடுவட்டத்துல நட்டுவெச்சிடுவோம், சோளக்காட்டு பொம்மை மாதிரி. காக்காகூட கிட்ட வராது.”

அவள் கணவனைப் பார்த்தாள். “நீ சொல்லு. என் மூஞ்சியப் பாத்துச் சொல்லு.”

“நிப்பேன். பத்தாவது நிமிஷம் படுப்பேன். மத்தியானம் வந்து பாட்டிலுக்கு மூடி திருகுவேன்.”

“ஓடமாட்டே.”

“எதுக்கு ஓடப்போறேன் தெனி? எனக்கு யாரு சம்பளம் குடுக்கறா?”

பத்தொன்பது அணிகளுக்கும் அவன் சரி என்று சொல்லிவிட்டுத்தான் அவளிடம் தெரிவித்திருந்தான். முதன்முறையாக அவள் தலையசைப்பதற்காக ஒரு மேசை முழுவதும் காத்திருந்தது. அதுதான் அவளை இளக்கியது என்று நினைக்கிறேன்.

“பத்து நிமிஷம்,” என்றாள்.

சனிக்கிழமை காலை ஸ்தாமென் திராட்சைக்கொடிக்கு மருந்தடிக்கும் தெளிப்பானில் சுண்ணாம்புக் கரைசலை ஊற்றிக்கொண்டு ஆடுகளத்துக்குப் போனார். நான் ஆடுகளத்தை ஒட்டிய என் நிலத்தில் மக்காச்சோளத் தட்டைகளை வெட்டிக்கொண்டிருந்தேன். ஓக்னியான் அளவுக்கயிற்றின் மறுமுனையைப் பிடித்துக்கொண்டு அவருக்கு முன்னால் பின்னோக்கி நடந்தான். காலை இழுத்துத்தான் நடந்தான். புல்லில் ஆட்டுப்புழுக்கை கிடந்தது. குனியமுடியாமல் அதைக் காலாலேயே ஒதுக்கினான்.

“எந்தப் பக்கம் நிக்கப்போறே?” என்றார் கிழவர்.

“நிக்கறதுக்கு எந்தப் பக்கமா இருந்தா என்னப்பா?”

“ஆத்துப் பக்கம் நில்லு. மரத்தடியில உட்கார்ந்தா எனக்கு அந்தப் பக்கம்தான் தெரியும். கண்ணுல புரை.”

“கண்ணாடி போட்டுக்கங்க.”

“டிவியில உன்னை ரெண்டு தடவை பாத்தேன். ரெண்டு தடவையும் சின்னதாத் தெரிஞ்சே. யாரு நீன்னு பக்கத்துல உள்ளவன் காட்டினான்.”

ஓக்னியான் கயிற்றை இழுத்துப் பிடித்தான். “சரிப்பா. ஆத்துப் பக்கமே நிக்கறேன்.”

ஞாயிற்றுக்கிழமை பதினொரு மணிக்கும் பனி முற்றிலும் விலகியிருக்கவில்லை. கோல்கம்பங்கள் இரண்டும் ஒன்றையொன்று பார்க்க முடியாத நிலையில் நின்றன. பார்க்க வந்தவர்கள் பத்தொன்பது பேர், நான் உட்பட. வடக்குக் கம்பத்துக்குப் பின்னால் மெத்தோதியின் மனைவி கரியைப் பற்றவைத்து ஊதிக்கொண்டிருந்தாள். எதிரணியில் பதினான்கு பேர் வந்திருந்தார்கள். எங்கள் பக்கம்: மெத்தோதி, இரண்டு டிராக்டர் ஓட்டிகள், வனக்காவலர், பள்ளி மூடப்பட்ட பிறகு தேன் விற்கிற உடற்பயிற்சி ஆசிரியர், பேக்கரிக்காரர். ஏழாவதாக ஓக்னியான். பழைய சட்டை வயிற்றருகே இறுக்கமாக இருந்தது.

நாணயம் சுண்டும்போது நடுவர் மெத்தோதியிடம் மெதுவாகக் கேட்டார். “எப்ப?”

“பத்தாவது நிமிஷம்.”

“பதினொண்ணு ஆக்கிடாதீங்க. மாமனார் வீட்டுல விசேஷம், நான் ஒரு மணிக்கு அங்க இருக்கணும்.”

“நம்ம பையன் கடிகாரம் மாதிரி,” என்றார் மெத்தோதி.

எதிரணித் தலைவன் ஓக்னியானின் முதுகில் தட்டினான். “அண்ணே, எந்த இடத்துல விழுவீங்கன்னு சொல்லிடுங்க, அங்க புழுக்கை இல்லாமப் பாத்துக்கறோம்.”

ஆட்டம் தொடங்கியது. அதை ஆட்டம் என்று சொல்வது மரியாதைக்காக. எதிரணியினர் பந்தைத் தங்களுக்குள் நடந்தபடி தட்டிக்கொண்டிருந்தார்கள். எங்கள் ஆறு பேரும் மெத்தோதியின் முன்னால் கூடி நின்று, பேக்கரிக்காரர் சொன்ன ஏதோ கதைக்குச் சிரித்துக்கொண்டிருந்தார்கள். ஓக்னியான் ஆற்றுப்பக்கக் கோட்டுக்கருகில் இடுப்பில் கைவைத்து நின்றான். ஐந்து நிமிடம். ஆறு. மரத்தடியில் ஸ்தாமென் தன் நாற்காலியைக் கோட்டுக்கு அருகே நகர்த்திப் போட்டுக்கொண்டார்.

எட்டாவது நிமிடத்தில் எதிரணியின் பின்கள ஆட்டக்காரன் ஒருவன், யாரும் வரமாட்டார்கள் என்ற நிச்சயத்தில், திரும்பிக்கூடப் பார்க்காமல் தன் கோல்கீப்பருக்குப் பந்தைத் தட்டினான். ஈரப்புல். பந்து பாதியிலேயே நின்றுவிட்டது.

ஓக்னியான் இடுப்பிலிருந்து கையை எடுத்தது எனக்குத் தெரிந்தது. அதற்குப் பின் நடந்ததை ஓட்டம் என்று சொல்ல மாட்டேன். முப்பத்தேழு வயதுக்காரன், காலை இழுப்பவன், அவ்வளவு நேரம் நின்ற இடத்தில் இல்லாமல் போனான், அவ்வளவுதான். கோல்கீப்பர் பதறி முன்னே வந்தான். ஓக்னியான் வலது காலை ஊன்றி, இடது காலால், மிக மெதுவாக, பந்தை அவன் தலைக்கு மேலே தூக்கிவிட்டான். பந்து ஒரு முறை துள்ளி வலைக்குள் போயிற்று. எந்த அவசரமும் இல்லாமல் போயிற்று. அந்தக் காலைப்பனியில் நான் என் வாழ்நாளில் பார்த்தவற்றுள் அழகானது அது.

ஓக்னியான் விழுந்தான்.

பத்தொன்பது பேரும் இரு அணிகளும் கைதட்டினார்கள். டிராக்டர் ஓட்டிகள் விசிலடித்தார்கள்.

“கோலும் அடிச்சிட்டுப் படுக்கறான்டா! இவனல்லவா நடிகன்!”

“ரெண்டு நிமிஷம் முன்னாடியே படுத்துட்டான், நடுவருக்கு விசேஷம்னு காதுல விழுந்திருக்கும்!”

நடுவர் சிரித்துக்கொண்டே கைக்கடிகாரத்தைப் பார்த்தார், நீளமாக ஊதினார். குறிப்பேட்டில் எழுதத் தொடங்கினார். மெத்தோதி கையுறைகளைக் கழற்றிக்கொண்டு கரியடுப்பை நோக்கி நடந்தார். “எழுந்திருடா ஓகி, போதும். மருத்துவச் சீட்டு என்கிட்ட இருக்கு. கறி கருகப் போகுது.”

ஓக்னியான் புல்லை இரு கைகளாலும் பிடித்திருந்தான். வாய் திறந்திருந்தது, சத்தம் வரவில்லை. அவனைச் சுற்றி எல்லோரும் சட்டையைக் கழற்றிக்கொண்டு நடந்தார்கள். ஒருவன் குனிந்து, “இன்னும் கொஞ்சம் முனகுண்ணே, மேலதிகாரி வந்திருக்கப் போறான்,” என்று சொல்லிவிட்டுப் போனான்.

எதிரணியின் கோல்கீப்பர் மட்டும் அவன் பக்கத்தில் முழங்காலிட்டிருந்தான். கையை உயர்த்தினான். யாரும் கவனிக்காததால் கத்தினான்.

“வாங்கடா இங்க! நடிப்பில்லடா. எனக்குச் சத்தம் கேட்டுது. காஞ்ச குச்சி ஒடியற மாதிரி கேட்டுது.”

நாங்கள் ஓடினோம். அப்போதும் மரத்தடியிலிருந்து கைதட்டும் ஓசை வந்துகொண்டிருந்தது. ஸ்தாமெனுக்குக் கோல் தெரிந்திருந்தது. தன் மகன் தன் பக்கத்தில், தான் போட்ட கோடுகளுக்குள் அடித்த கோல். அதற்குப் பின்னால் நடந்தது புரைக்குள் மறைந்துவிட்டது. நான் போய் அவருடைய கைகளைப் பிடித்து நிறுத்தினேன்.

அந்தக் கோல் எங்கும் எழுதப்படவில்லை. நிறுத்தப்பட்ட ஆட்டத்தில் அடித்தவை விதிப்படி அழிந்துவிடும். மாவட்டத் தாளில், பெலிப்ரெக் பூஜ்யம், எதிரணி மூன்று.

மெத்தோதியின் இறைச்சி வண்டியில் அவனைப் படுக்கவைத்துக் கொண்டுவந்தோம். தெனித்சா முற்றத்தில் பெரிய வட்டகையின் முன்னால் நின்று, தக்காளியோடு கொதிக்கும் மிளகாய் விழுதைத் துடுப்பால் கிளறிக்கொண்டிருந்தாள். அது நிற்காமல் கிளறவேண்டிய பதம், விட்டால் அடிபிடிக்கும். வண்டியின் பின்கதவு திறந்ததும் அவள் துடுப்பை விடவில்லை. கிளறிக்கொண்டே பார்த்தாள்.

“எத்தனாவது நிமிஷம்?”

மெத்தோதி வண்டியின் தாழ்ப்பாளைச் சரிசெய்துகொண்டிருந்தார்.

“உங்களைத்தான் கேக்கறேன் அண்ணே.”

“எட்டு,” என்றார் மெத்தோதி.

“பத்துன்னு சொன்னியே, ஓகி.”

அவன் இறைச்சி மாட்டும் கொக்கிகளின் கீழே படுத்தபடி அவளைப் பார்த்தான். “பந்து வந்துச்சு தெனி.”

அவள் இன்னும் இரண்டு சுற்றுக் கிளறினாள். பிறகு கீழே குனிந்து நெருப்பை இழுத்து அணைத்தாள்.

முட்டி பானையைப்போல் வீங்கியிருந்தது. நகரத்து மருத்துவமனையில் மாலை நான்கு மணிக்குப் படம் எடுத்தார்கள்; கட்டுப்போட்டு, இரண்டு ஊன்றுகோல் கொடுத்து அனுப்பினார்கள். அறுத்தால் நடக்கலாம், நிற்கும் வேலைக்கு இனி ஆகாது என்று பணியிலிருந்த மருத்துவர் சொன்னார். திரும்பி வந்ததும் தெனித்சா முகவர் பெண்ணோடு தொலைபேசியில் பேசினாள். நான் அடுக்களையில் ஓக்னியானின் காலுக்கடியில் தலையணை வைத்துக்கொண்டிருந்தேன். வெளியே அவள் குரல் மட்டும் கேட்டது. “ஆமாங்க... இல்லைங்க, நான் மட்டும்தான்... புரியுதுங்க... எத்தனை பேரு? ... சரிங்க.”

உள்ளே வந்து மேசையில் உட்கார்ந்தாள். விரல்களில் மிளகாய்ச் சிவப்பு இன்னும் போகவில்லை.

“என்ன சொன்னா?” என்றான் அவன்.

“அந்த ரூம் புருஷன் பொண்டாட்டிக்குத்தானாம். நான் தனியாப் போனா நாலு பொம்பளைங்க இருக்கற ரூம்ல கட்டில் தருவாளாம். நாளைக்கே வந்தாதான். இல்லைன்னா பட்டியல்ல அடுத்த ஆளு.”

“நீ என்ன சொன்னே?”

“சரின்னேன்.”

அவன் சுவரைப் பார்த்தான். “தையற்கூடத்துல திரும்பக் கேட்டுப் பாரேன்.”

“வெள்ளிக்கிழமை என் மிஷின்ல வேற ஒருத்தியை உட்கார வெச்சாச்சு. உன் காலை யாரு அறுப்பா, எதை வெச்சு அறுப்பா? மாமாவோட பென்ஷன்லயா?”

“தெனி, நான் வேணும்னு செய்யலை.”

“தெரியும்.”

“மனசால யோசிச்சு ஓடலை. கால் தானாப் போச்சு.”

“அதான் எனக்குப் பயமா இருக்கு ஓகி. யோசிச்சுப் போயிருந்தா திட்டலாம். சண்டை போடலாம்.” அவள் குரல் உயரவே இல்லை. “ஒருத்தன் உன்னை வந்து படுக்கச் சொன்னான். ஓடச் சொல்லலை, அடிக்கச் சொல்லலை. சும்மா படுக்கச் சொன்னான். உன்னால அதைக்கூட முடியலையே. நான் எந்த ஊருக்குக் கூட்டிட்டுப் போனாலும், எந்த ரூம்ல வெச்சுப் பூட்டினாலும், எங்கேயோ ஒரு பந்து உருண்டு வந்தா நீ போயிடுவே.”

வாசலில் ஸ்தாமென் நின்றிருந்தார். தொப்பியைக் கையில் கசக்கிக்கொண்டிருந்தார். “மெத்தோதியை நான்தான் கேக்கச் சொன்னேன்மா,” என்றார். “இவன் ஆடறதை ஒரு தடவை பாத்துடணும்னு.”

“தெரியும் மாமா. வெள்ளிக்கிழமை நீங்க ஒரு வார்த்தை பேசலை, அப்பவே தெரியும். உட்காருங்க, சூப் இருக்கு.”

அவள் மூவருக்கும் அவரைப்பயறு சூப் ஊற்றினாள். எனக்கும் ஊற்றினாள். குடித்தோம்.

“நானும் பின்னாடியே வந்துடறேன்,” என்றான் ஓக்னியான். “கால் கொஞ்சம் ஆறட்டும். ஆறு மாசம்.”

அவள் கிண்ணத்தைக் கீழே வைத்தாள். “ஆறு மாசம்னு மட்டும் சொல்லாதே. அஞ்சுன்னு சொல்லு, பத்து வருஷம்னு சொல்லு. என்கிட்ட ஆறு மாசம்னு சொல்லாதே.”

திங்கட்கிழமை காலையில் அவள் வட்டகையின் கீழ் அணைந்து கிடந்த நெருப்பை மறுபடியும் மூட்டி, அடிபிடித்ததை விலக்கி, விழுதைப் பாட்டில்களில் நிரப்பினாள். நாற்பத்திரண்டு பாட்டில். நான் மூடி திருகினேன். எல்லாவற்றையும் நிலவறையில் அடுக்கச் சொன்னாள்.

“பதினஞ்சு பாட்டில் எடுத்துட்டுப் போறேன்னியே,” என்றேன்.

“நாலு பேருக்கு ஒரே அலமாரியாம்ணா.”

பதினொன்றரை மணிக்கு ஸ்தாமென் பெட்டியைக் கைவண்டியில் வைத்துத் தள்ளிக்கொண்டு, பேருந்து நிற்கும் சதுக்கத்துக்கு முன்கூட்டியே போய்விட்டார். அவளோடு சேர்ந்து நடக்க அவருக்குத் தைரியம் இல்லை. தெனித்சா மேல்கோட்டைப் போட்டுக்கொண்டு அடுக்களைக்குள் போனாள். என்ன பேசினார்களோ, நான் வேலியருகே நின்றதால் கேட்கவில்லை. சீக்கிரமே வெளியே வந்துவிட்டாள்.

எங்கள் பக்கத்தில் நெடும்பயணம் போகிறவரின் முன்னால் வாசற்படியில் தண்ணீர் ஊற்றுவார்கள். போகிற வழி தண்ணீரைப்போல் தடையில்லாமல் ஓடட்டும் என்று. வீட்டில் இருக்கப்போகிறவர்தான் ஊற்ற வேண்டும். ஒவ்வொரு முறையும் ஓக்னியானுக்கு முன்னால் தெனித்சா ஊற்றுவதை நான் வேலிக்கு இப்பாலிருந்து பார்த்திருக்கிறேன். ஜனவரியில் ஊற்றிய தண்ணீர் அவன் தெருமுனை திரும்புவதற்குள் உறைந்துவிடும்.

அவள் குழாயடியில் செம்பு வாளியை நிரப்பினாள். உள்ளே நாற்காலி தரையில் இழுபடும் ஓசை கேட்டது.

“இரு தெனி. நான் வரேன். நான் ஊத்தறேன்.”

அவள் வாளியைப் பிடித்துக்கொண்டு படியில் நின்றாள். ஊன்றுகோல் ஒன்று விழுந்தது. நாற்காலி மறுபடியும் இழுபட்டது, சிறிது தூரம். பிறகு இன்னும் கொஞ்சம். அதன்பின் எதுவும் கேட்கவில்லை. சதுக்கத்தில் பேருந்து ஒலியெழுப்பியது. அவள் இன்னும் சிறிது நேரம் கதவைப் பார்த்து நின்றாள்.

பின்பு வாளியைச் சாய்த்து, தன் கால்களுக்கு முன்னால் தானே ஊற்றிக்கொண்டாள். வாளியைக் கவிழ்த்து வைத்தாள். ஈரத்தை மிதித்துத் தெருவில் இறங்கி நடந்தாள்.